எஞ்சின் ஏர் ஃபில்டர்: மாற்றுவது சுலபம், உட்கார வைப்பதில்தான் வேலை

எஞ்சின் ஏர் ஃபில்டரை வீட்டிலேயே மாற்றலாமா, மாற்றினால் மைலேஜ் கூடுமா, புதிது வாங்காமல் பழையதையே ப்ளோ அடித்து, அதாவது கம்ப்ரஸர் காற்றால் ஊதிப் போட்டால் என்ன, எத்தனை கிலோமீட்டருக்கு ஒருமுறை மாற்ற வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். முதல் கேள்விக்கு யோசிக்கவே வேண்டாம், தாராளமாக மாற்றலாம். காரில் நம் கையாலேயே செய்துகொள்ளக்கூடிய வேலைகளில் வைப்பர் பிளேடு மாற்றுவதற்கு அடுத்தபடி எளிதானது இதுதான். பெரும்பாலான கார்களில் பத்து, பதினைந்து நிமிடத்துக்கு மேல் ஆகாது. ஆனால் சுலபமான வேலை என்பதாலேயே இதை அரைகுறையாகச் செய்து மூடிவிடுகிறவர்களும் நிறைய. பழைய ஃபில்டர் அழுக்காக இருந்தாலும் ஓரமெல்லாம் நன்றாகப் பொருந்தி உட்கார்ந்திருந்தால் எஞ்சின் பத்திரமாகத்தான் இருக்கும். புத்தம் புது ஃபில்டர் ஒரு மூலையில் தூக்கிக்கொண்டு நின்றால் எஞ்சின் தேயும். நான் கீழே சொல்லப்போவதில் பெரும்பகுதி இந்த ஒரு விஷயத்தைச் சுற்றித்தான் இருக்கும்.

எந்த ஃபில்டரைப் பற்றிப் பேசுகிறோம் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஏசி காற்றை வடிகட்டும் கேபின் ஃபில்டர் வேறு. அது பெரும்பாலும் டாஷ்போர்டில் கிளவ் பாக்ஸுக்குப் பின்னால் இருக்கும். எஞ்சினுக்கான ஃபில்டர் பானட்டுக்கு அடியில், ஒரு கருப்புப் பிளாஸ்டிக் பெட்டிக்குள் இருக்கும். பெட்டியிலிருந்து தடித்த ரப்பர் அல்லது பிளாஸ்டிக் குழாய் ஒன்று எஞ்சினை நோக்கிப் போகும், அதுதான் அடையாளம். கார்புரேட்டர் காலத்துப் பழைய கார்களில் எஞ்சினின் தலைமேல் வட்டத் தட்டு மாதிரி உட்கார்ந்திருக்கும்; நடுவில் ஒரே ஒரு விங் நட். முழு மின்சாரக் கார் வைத்திருப்பவர்களுக்கு இந்த வேலையே கிடையாது, கேபின் ஃபில்டர் மட்டும்தான்.

எஞ்சின் எவ்வளவு காற்றை இழுக்கிறது என்று தெரிந்தால் இந்தக் காகிதத்தின் மீது கொஞ்சம் மரியாதை வரும். பெட்ரோல் முழுதாக எரிய, எடைக்கணக்கில் ஒரு பங்கு பெட்ரோலுக்கு 14.7 பங்கு காற்று வேண்டும். 1 லிட்டர் பெட்ரோல் முக்கால் கிலோ அளவுதான். அதை எரிக்க ஏறக்குறைய 11 கிலோ காற்று வேண்டும். கொள்ளளவில் பார்த்தால் சுமார் 9,000 லிட்டர். 40 லிட்டர் டேங்க் ஒன்று காலியாவதற்குள் மூன்றரை லட்சம் லிட்டர் காற்று அந்த மடிப்புகளின் வழியாகப் போய்விடுகிறது. டீசல் எஞ்சின் தேவைக்கு மேல் உபரிக் காற்றோடு ஓடும் ஜாதி, அது இன்னும் அதிகமாக இழுக்கும்.

அந்தக் காற்றோடு வரும் சாலைத் தூசியில் மண்ணும் நுண்மணலும் கலந்திருக்கும். மணலில் உள்ள குவார்ட்ஸ், மோஸ் கடினத்தன்மை அளவில் 7. சிலிண்டர் சுவரின் வார்ப்பிரும்பைவிட அது கடினமானது. பிஸ்டன் வளையத்துக்கும் சிலிண்டர் சுவருக்கும் நடுவில் காவலுக்கு நிற்கும் ஆயில் படலமோ சில மைக்ரான் தடிமன்தான். அந்தப் படலத்தை ஊடுருவி இரண்டு பக்கமும் உரசுகிற அளவுள்ள துகள்கள், அதாவது சுமார் 5 முதல் 20 மைக்ரான் வரை உள்ளவைதான் அதிகம் தேய்க்கும். தலைமுடியின் தடிமனே 70 மைக்ரான் அளவு என்றால், இந்தத் துகள் எதுவும் நம் கண்ணில் தனியாகப் படாது. ஃபில்டரைத் திறந்ததும் அதில் ஒட்டிக்கிடக்கும் இலையையும் பூச்சியின் இறகையும் பார்த்து நாம் பதறுகிறோம். அவற்றால் எஞ்சினுக்கு ஒன்றும் ஆகாது, அவைதான் மாட்டிக்கொண்டுவிட்டனவே. ஃபில்டர் ஓரத்தில் நூல் அளவு இடைவெளி இருந்தால் அதில் நுழைந்துபோகும் மாவு போன்ற தூசிதான் வில்லன். அது உள்ளே போனதும் சத்தம் வராது, விளக்கு எரியாது. காலப்போக்கில் கம்ப்ரஷன் குறையும், வண்டி ஆயில் குடிக்கத் தொடங்கும், நீலப் புகை வரும். அப்போது யாரும் ஏர் ஃபில்டரைச் சந்தேகிப்பதில்லை.

இன்னொரு விஷயம் பலருக்கு வியப்பாக இருக்கும். புது ஃபில்டரைவிட, கொஞ்சம் ஓடிய ஃபில்டர் நன்றாக வடிகட்டும். புதுக் காகிதத்தின் இழைகளுக்கு நடுவில் இருக்கும் துளைகள் சற்றுப் பெரியவை. முதலில் வரும் தூசி அந்த இழைகளில் படிந்து ஒரு மெல்லிய அடுக்காகிறது. பிறகு வரும் நுண்தூசியை அந்த அடுக்கே பிடித்துக்கொள்கிறது. ஏர் ஃபில்டர்களைச் சோதிக்கும் ஐஎஸ்ஓ 5011 என்ற சர்வதேச முறையில், புதிதாக இருக்கும்போது உள்ள வடிகட்டும் திறனையும் முழு ஆயுளுக்குமான திறனையும் தனித்தனியாக அளப்பது இதனால்தான். காற்று போகும் தடை ஏறிக்கொண்டே போகும், வடிகட்டும் திறனும் கூடவே ஏறும். தடை அளவு மீறும்போதுதான் மாற்ற வேண்டும். ஆகவே 'எதற்கும் இருக்கட்டும்' என்று 5,000 கிலோமீட்டருக்கு ஒரு தடவை புது ஃபில்டர் போடுவது, தூசி குறைந்த சாலைகளில் ஓடும் வண்டிக்கு உதவி அல்ல. மாதாமாதம் பெட்டியைத் திறந்து பார்க்கும் பழக்கமும் வேண்டாம். ஒவ்வொரு முறை திறக்கும்போதும் மூடியில் கிடக்கும் தூசி உள்ளே விழுவதற்கு ஒரு வாய்ப்புக் கொடுக்கிறோம்.

அடுத்தது மைலேஜ். ஏர் ஃபில்டர் அடைத்தால் பெட்ரோல் அதிகம் குடிக்கும் என்பது கார்புரேட்டர் காலத்தில் உண்மை. கார்புரேட்டருக்குக் காற்று குறைந்தது தெரியாது. காற்று குறைந்தாலும் பெட்ரோலை அது பாட்டுக்கு விட்டுக்கொண்டிருக்கும், கலவையில் பெட்ரோலின் பங்கு கூடிப்போகும், புகை வரும். இன்றைய எலக்ட்ரானிக் இன்ஜெக்‌ஷன் எஞ்சின் உள்ளே வரும் காற்றை அளந்து அதற்கேற்ற பெட்ரோலைத்தான் விடுகிறது. போதாக்குறைக்கு எக்ஸாஸ்ட்டில் ஆக்ஸிஜன் சென்சார் உட்கார்ந்து சரிபார்க்கிறது. அமெரிக்காவின் ஓக் ரிட்ஜ் தேசிய ஆய்வகம் 2009இல் இதைச் சோதித்துப் பார்த்தது. இன்ஜெக்‌ஷன் கார்களில் நன்றாக அடைத்த ஃபில்டரை மாற்றியதால் மைலேஜில் சொல்லிக்கொள்ளும்படி மாற்றம் இல்லை. ஆனால் வேகமெடுக்க ஆகும் நேரம் 6 முதல் 11 சதவீதம் வரை மேம்பட்டது. காரணம் எளிது. சாதாரணமாக ஓட்டும்போது பெட்ரோல் எஞ்சினுக்குள் போகும் காற்றைக் கட்டுப்படுத்தும் த்ராட்டில் வால்வே பாதிக்கு மேல் மூடித்தான் இருக்கிறது. அதுவே ஒரு தடை. ஃபில்டர் கொஞ்சம் அடைத்தால் நம் கால் தன்னையறியாமல் ஆக்ஸிலரேட்டரை இன்னும் சற்று அழுத்தி ஈடுகட்டிவிடும். முழுதாக அழுத்தி ஓவர்டேக் செய்யும்போதும் ஏற்றத்தில் ஏறும்போதும்தான் குறை தெரியும். 'ஃபில்டர் மாற்றினேன், மைலேஜ் எகிறிவிட்டது' என்று யாராவது சொன்னால், கூடவே டயர் காற்றும் பார்த்திருப்பார் என்று நான் நினைத்துக்கொள்வேன்.

டீசல் வண்டிக் கதை கொஞ்சம் வேறு. டீசலில் வேகத்தைத் தீர்மானிப்பது உள்ளே விடும் எரிபொருளின் அளவு. காற்று போதாமல் போனால் எரியாத கரி கரும்புகையாக வெளியே வரும், பிக்கப் விழும். டர்போ, அதாவது காற்றை அழுத்தி உள்ளே தள்ளும் கருவி உள்ள எஞ்சின் எதுவானாலும், பெட்ரோலோ டீசலோ, ஃபில்டரில் அலட்சியம் கூடாது. டர்போவின் கம்ப்ரஸர் சக்கரம் நிமிடத்துக்கு 1,00,000 சுற்றுகளுக்கு மேல் சுழலக்கூடியது. அந்த வேகத்தில் மோதும் மணல் துகள் சக்கரத்தின் இதழ் ஓரங்களை அரித்துவிடும். ஃபில்டர் ஒரேயடியாக அடைத்துக்கொண்டால், கம்ப்ரஸர் பக்கம் உண்டாகும் உறிஞ்சல் டர்போவின் சீல் வழியாக ஆயிலையே இழுக்கத் தொடங்கும்.

எப்போது மாற்றுவது என்பதற்கு உங்கள் காரோடு வந்த ஓனர்ஸ் மேனுவலில் உள்ள அட்டவணைதான் முதல் ஆதாரம். வண்டிக்கு வண்டி வித்தியாசம் உண்டு. 15,000இலிருந்து 40,000 கிலோமீட்டர் வரை விதவிதமாகப் போட்டிருப்பார்கள். அதே அட்டவணையில் தூசி நிறைந்த இடங்களில் ஓடும் வண்டிக்குத் தனிக் கணக்கு இருக்கும். பலர் அந்தப் பகுதியைப் படிப்பதில்லை. மண் சாலை, கட்டுமான வேலை நடக்கும் பகுதி, லாரிகளுக்குப் பின்னாலேயே தினமும் போகும் பாதை என்றால் நீங்கள் அந்தத் தனிக் கணக்கில்தான் வருகிறீர்கள். கிலோமீட்டர் குறைவாக ஓடும் வண்டிக்கு வருடக் கணக்கும் கொடுத்திருப்பார்கள். அதையும் பாருங்கள், ஏனென்றால் காகிதம் ஈரம் பட்டுப் பட்டுத் தளரும், ஓர ரப்பர் இறுகிப்போகும்.

நிறத்தை மட்டும் வைத்து முடிவு செய்யாதீர்கள். ஃபில்டர் சில ஆயிரம் கிலோமீட்டரிலேயே சாம்பல் நிறமாகிவிடும், அது இயல்பு. சர்வீஸ் சென்டரில் அழுக்கு ஃபில்டரை எடுத்துக் காட்டி 'பாருங்கள் சார்' என்றால் எல்லோருக்கும் மனம் இளகும். கேட்க வேண்டிய கேள்வி, இது எத்தனை கிலோமீட்டர் ஓடியது என்பதே. மடிப்புகளை விரலால் மெல்ல விரித்துப் பாருங்கள். அடிவரை தூசி நிரம்பி மடிப்பு மடிப்பாகத் தெரியாமல் திட்டாக இருந்தால் முடிந்தது. ஒரு பக்கம் டார்ச் அடித்து மறுபக்கம் வெளிச்சம் வருகிறதா என்று பார்ப்பது பழைய முறை. காகித ஃபில்டருக்கு ஓரளவு உதவும், தடித்த செயற்கை இழை ஃபில்டருக்குப் புதிதிலேயே வெளிச்சம் சரியாக வராது. அந்தச் சோதனையில் எனக்குப் பிடித்தது வேறு பயன்: வெளிச்சம் ஒரு புள்ளியாகப் பளிச்சென்று தெரிந்தால் அங்கே ஓட்டை இருக்கிறது. அப்படிப்பட்ட ஃபில்டரைக் கிலோமீட்டர் பார்க்காமல் தூக்கிப் போட வேண்டும்.

வாங்கும்போது ஒரே மாடல் பெயர் என்று நம்பி வாங்காதீர்கள். ஒரே காரில் பெட்ரோல், டீசல் என்று எஞ்சின் மாறினால் ஃபில்டரும் மாறும். தயாரிப்பு ஆண்டு மாறினாலும் மாறலாம். பழைய ஃபில்டரின் ஓரத்தில் அச்சிட்டிருக்கும் பாகம் எண்ணைப் பார்த்து வாங்குவது நல்லது. கார் கம்பெனியின் பெயர் போட்ட பெட்டிதான் வேண்டும் என்பதில்லை. பெயர் பெற்ற ஃபில்டர் தயாரிப்பாளரின் பெட்டியில் வருவதும் பல சமயம் அதே தரம்தான். போலிகள்தான் பிரச்சினை. பழையதையும் புதியதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். நீளம், அகலம், உயரம் ஒன்றா? மடிப்புகள் ஒரே சீராக நிற்கின்றனவா, சில இடத்தில் நெருங்கியும் சில இடத்தில் அகன்றும் இருக்கின்றனவா? எண்ணிக்கை ஏறக்குறைய சமமா? மடிப்பு குறைந்தால் காகிதப் பரப்பு குறைவு, சீக்கிரம் அடைக்கும். எல்லாவற்றையும்விட முக்கியம் ஓரத்தில் ஓடும் ரப்பர் அல்லது நுரை விளிம்பு. விரலால் அழுத்தினால் அமுங்கி மெதுவாக மேலே வர வேண்டும். கட்டையாக இருந்தாலோ, மூலையில் பிசிறு இருந்தாலோ, காகிதமும் விளிம்பும் சேரும் இடத்தில் பசை விட்டிருந்தாலோ கடைக்குத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

இனி வேலைக்கு வருவோம். ஸ்டார் ஸ்க்ரூடிரைவர் ஒன்று, சில வண்டிகளுக்கு 8 அல்லது 10 மில்லிமீட்டர் சாக்கெட், வேறு சிலவற்றுக்கு டார்க்ஸ் பிட் (ஆறு முனை நட்சத்திரத் தலை), நன்றாகப் பிழிந்த ஈரத்துணி, காய்ந்த துணி, டார்ச். வாக்குவம் கிளீனர் இருந்தால் வசதி. கிளிப் மட்டுமே உள்ள கார்களில் கருவியே தேவைப்படாது. வண்டியைச் சமதளத்தில் நிறுத்தி, எஞ்சினை அணைத்து, இக்னிஷன் ஆஃப் ஆகியிருப்பதை உறுதி செய்துவிட்டு, சூடு ஆறும்வரை காத்திருங்கள். காற்று பலமாக வீசும் இடத்தில், மண் பறக்கும் இடத்தில் இதைச் செய்யாதீர்கள்.

பெட்டியைத் திறப்பதற்கு முன்பே செய்ய வேண்டிய வேலை ஒன்றை முக்கால்வாசிப் பேர் செய்வதில்லை. பெட்டியின் மேல்மூடியையும், மூடியும் அடிப்பகுதியும் சேரும் விளிம்பையும், குழாய் சேரும் இடத்தையும் ஈரத்துணியால் துடைத்துவிடுங்கள். மூடியைத் தூக்கும்போது உதிர்வது இந்தத் தூசிதான், உதிர்ந்தால் சுத்தமாக இருக்க வேண்டிய பக்கத்தில் விழும். பிறகு மொபைலில் இரண்டு படம் எடுத்துக்கொள்ளுங்கள். எந்த ஒயர் எங்கே, எந்த கிளிப் எந்தப் பக்கம் என்பதெல்லாம் திரும்ப மாட்டும்போதுதான் சந்தேகம் வரும்.

கிளிப்புகளை விரலால் நெம்பித் திறக்கலாம். உலோகக் கிளிப் படாரென்று தெறித்து நகத்தில் அடிக்கும், கவனம். ஸ்க்ரூ என்றால் பல வண்டிகளில் அது மூடியிலேயே தங்கிவிடும். தங்காத வகை என்றால் கழற்றியதும் ஒரு கிண்ணத்தில் போட்டுவையுங்கள். பானட்டுக்குள் விழுந்த ஸ்க்ரூ கீழே உள்ள பிளாஸ்டிக் தட்டில் போய்ச் சேர்ந்துவிடும், தேடிக் கண்டுபிடிப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிடும். சில வண்டிகளில் எல்லா கிளிப்பையும் எடுத்த பிறகும் மூடி வராது. பின்பக்கம் கீல் போல இரண்டு மூன்று பிளாஸ்டிக் நாக்குகள் செருகியிருக்கும்; மூடியை முன்பக்கம் தூக்கி, நம் பக்கம் இழுத்தால் வந்துவிடும். வலுக்கட்டாயமாக இழுத்தால் நாக்கு உடையும், உடைந்தால் அந்தப் பக்கம் மூடி இறுகாது. பெட்டியையே மாற்ற வேண்டியதுதான்.

மூடியோடு சேர்ந்திருக்கும் குழாயில் அல்லது மூடியிலேயே ஒரு சென்சாரும் ஒயரும் இருப்பதைப் பார்ப்பீர்கள். பெரும்பாலும் அது மாஸ் ஏர்ஃப்ளோ சென்சார், மெக்கானிக்குகள் மாஃப் சென்சார் என்பார்கள். உள்ளே சூடேற்றிய மெல்லிய கம்பி அல்லது தகடு இருக்கும். ஓடும் காற்று அதை எவ்வளவு குளிரவைக்கிறது என்பதை வைத்துத்தான் கம்ப்யூட்டர் காற்றின் அளவைக் கணக்கிடுகிறது. விரலாலோ துணியாலோ அதைத் தொடாதீர்கள், வாயால் ஊதாதீர்கள். பல வண்டிகளில் ஒயரைக் கழற்றாமலேயே மூடியைச் சில அங்குலம் தூக்கி ஃபில்டரை உருவிவிட முடியும். முடிந்தால் அப்படியே செய்யுங்கள். முடியவில்லை என்றால் கனெக்டரின் பூட்டை அழுத்திக்கொண்டு கனெக்டரையே பிடித்து இழுங்கள், ஒயரைப் பிடித்து இழுக்காதீர்கள். இக்னிஷன் ஆனில் இருக்கும்போது இதைக் கழற்றினால் எஞ்சின் எச்சரிக்கை விளக்கு எரிந்து வீண் கவலை கொடுக்கும். குழாயைக் கழற்ற வேண்டியிருந்தால் கிளாம்ப் ஸ்க்ரூவைத் தளர்த்தினால் போதும், முழுதாக எடுக்க வேண்டாம்.

பழைய ஃபில்டரை எடுக்கும்போது உதறாமல், தட்டாமல், நேராக மேலே தூக்குங்கள். எந்தப் பக்கம் மேலே இருந்தது, ரப்பர் விளிம்பின் தடித்த பக்கம் எந்தத் திசை என்று பார்த்துக்கொள்ளுங்கள். சிலவற்றில் காற்றோட்டத்துக்கு அம்புக்குறி போட்டிருப்பார்கள்.

இப்போது நிதானமாக நின்று பார்க்க வேண்டிய கட்டம். ஃபில்டருக்கு முன்னால் உள்ளது அழுக்குப் பக்கம். அங்கே தூசி, இலை, பூச்சி என்ன இருந்தாலும் சரிதான். ஃபில்டருக்குப் பின்னால், எஞ்சினுக்குப் போகும் குழாய் தொடங்கும் இடம் சுத்தப் பக்கம். வெள்ளைத் துணியைச் சுண்டுவிரலில் சுற்றி, சென்சாரிலிருந்து விலகி, குழாயின் உள்சுவரை ஒரு இழுப்பு இழுத்துப் பாருங்கள். துணி சுத்தமாக வந்தால் பழைய ஃபில்டர் தன் வேலையை ஒழுங்காகச் செய்திருக்கிறது. லேசான ஆயில் பிசுக்கு இருந்தால் பயப்பட வேண்டாம். எஞ்சினின் ஆவிக் குழாய் அங்கே வந்து சேரும் வண்டிகளில் அது சகஜம். ஆனால் மணல் போல நறநறப்பு, அல்லது மண் நிறத்தில் தூசிப் படலம் இருந்தால், தூசி எங்கோ குறுக்கு வழியில் உள்ளே போகிறது என்று பொருள். பழைய ஃபில்டரின் ரப்பர் விளிம்பைப் பாருங்கள். சுற்றிலும் ஒரே சீரான அழுத்தத் தடம் இருக்க வேண்டும். ஓரிடத்தில் தடம் இல்லாமல் அங்கே மட்டும் தூசிக்கோடு ஓடியிருந்தால் கசிவு அங்கேதான். ஃபில்டர் புதிது போடுவதால் மட்டும் அது சரியாகாது. வளைந்த மூடி, உடைந்த கிளிப், வெடித்த குழாய் என்று காரணத்தைத் தேடிச் சரி செய்ய வேண்டும். இந்தச் சோதனைக்கு அரை நிமிடம்தான் ஆகும். அவசரத்தில் இருக்கும் சர்வீஸ் பையன் இதைச் செய்ய மாட்டான். வீட்டில் நீங்களே மாற்றுவதால் கிடைக்கும் பெரிய லாபம் மிச்சமாகும் கூலியைவிட இதுதான் என்பேன்.

அழுக்குப் பக்கத்தைச் சுத்தம் செய்வதற்கு முன் எஞ்சினுக்குப் போகும் வாயை ஒரு பெரிய துணியால் மூடிக்கொள்ளுங்கள். சின்னத் துணி கூடாது, அது உள்ளேயே போய்விடும். பிறகு வாக்குவம் போட்டோ ஈரத்துணியாலோ பெட்டியின் அடியைச் சுத்தம் செய்யலாம். ஏர் அடிக்காதீர்கள், தூசி எல்லா இடத்துக்கும் பறக்கும். பெட்டியின் அடியில் தண்ணீர் வடிய ஒரு சின்னத் துளை இருந்தால் அது அடைத்திருக்கிறதா என்று பாருங்கள்; மழைத்தண்ணீர் வெளியேற வழி அதுதான். ஃபில்டர் உட்காரும் பள்ளத்தைச் சுற்றிலும் விரலை ஓட்டுங்கள். ஒரு மணல் பரல் கிடந்தாலும் விளிம்பு அங்கே தூக்கிக்கொள்ளும். முடிந்ததும் அந்த அடைப்புத் துணியை வெளியே எடுத்துவிட்டீர்களா என்று இரண்டு முறை பாருங்கள்.

புது ஃபில்டரைப் பள்ளத்தில் வைத்து, நான்கு மூலைகளையும் அழுத்தி, பிறகு விளிம்பைச் சுற்றி விரலால் ஒரு வலம் வாருங்கள். எங்கும் மேடு தெரியக் கூடாது. மூடியின் நாக்குகளை முதலில் அவற்றின் துளைகளில் செருகிவிட்டுத்தான் முன்பக்கத்தை இறக்க வேண்டும். ஒரு நாக்கு வெளியே நின்றுவிட்டாலும் முன்பக்க கிளிப்புகள் பூட்டிக்கொண்டு எல்லாம் சரியாக இருப்பது போலக் காட்டும், பின்பக்கம் வாய் பிளந்திருக்கும். நான் பார்த்த தவறான பொருத்தங்களில் பாதிக்கு மேல் இதுதான். கிளிப் பூட்ட அதிகப் பலம் தேவைப்பட்டால் நிறுத்திவிட்டு மறுபடி திறந்து பாருங்கள். ஸ்க்ரூவைப் பிளாஸ்டிக்கில் மாட்டும்போது முதலில் எதிர்த்திசையில் மெல்லச் சுற்றினால் 'டிக்' என்று பழைய மரையில் விழும், அதன் பிறகு முறுக்குங்கள். இல்லாவிட்டால் புது மரை வெட்டிவிடும். கை இறுக்கம் போதும். கழற்றிய கிளாம்பையும் கனெக்டரையும் மாட்ட மறக்காதீர்கள்.

வண்டியை ஸ்டார்ட் செய்து ஓரிரு நிமிடம் ஓடவிடுங்கள். புஸ்ஸென்று காற்று இழுக்கும் சத்தம், ஐடிலில் ஏறி இறங்கும் தடுமாற்றம், எஞ்சின் விளக்கு எதுவும் இல்லை என்றால் வேலை முடிந்தது. மாஃப் சென்சாருக்குப் பின்னால் உள்ள குழாய் சரியாக உட்காராவிட்டால், அளக்கப்படாத காற்று உள்ளே போய்க் கலவையில் பெட்ரோலின் பங்கு குறைந்துபோகும். மெக்கானிக்கின் ஸ்கேனரில் பி0171 என்ற பிழைக் குறியீடு வருவது இதன் அடையாளங்களில் ஒன்று. அப்படி வந்தால் சென்சாரை மாற்றச் சொல்லும் ஆலோசனைக்குத் தலையாட்டுவதற்கு முன், நீங்கள் கழற்றிய இடத்தைப் போய்ப் பாருங்கள். மூடி உட்காராமல் ஃபில்டரைச் சுற்றிப் போகும் தூசிக்கு எந்தக் குறியீடும் வராது என்பதையும் சேர்த்து நினைவில் வையுங்கள்.

ப்ளோ அடித்துப் பழையதையே போடலாமா என்ற கேள்விக்கு வருகிறேன். மேனுவலில் அப்படிச் செய்யலாம் என்று எழுதியிருந்தால், குறைந்த அழுத்தத்தில், சுத்தப் பக்கத்திலிருந்து அழுக்குப் பக்கமாக, நுனியைத் தள்ளி வைத்துக்கொண்டு செய்யலாம். எழுதவில்லை என்றால் வேண்டாம். பஞ்சர் கடை கம்ப்ரஸரின் முழு அழுத்தத்தைப் பக்கத்தில் வைத்து அடிக்கும்போது, இழைகள் விலகிக் கண்ணுக்குத் தெரியாத ஓட்டைகள் விழும். வெளியே பறக்கும் பெரிய தூசியைப் பார்த்து மனம் நிறைந்துவிடுகிறது. இழைகளுக்குள் புதைந்த நுண்தூசி அங்கேயேதான் இருக்கும். அழுக்குப் பக்கத்திலிருந்து அடித்தால் அந்தத் தூசியை நாமே சுத்தப் பக்கத்துக்குத் தள்ளி அனுப்புகிறோம். தரையில் தட்டுவதும் இதே கதை, விளிம்பு வளையும். காகித ஃபில்டரைத் தண்ணீரில் கழுவவே கூடாது. காகிதம் ஊறினால் மடிப்பு தளர்ந்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், காய்ந்தாலும் பழைய வடிவத்துக்கு வராது. அத்தனை பாடுபட்டு மிச்சம் பிடிப்பது ஒரு ஃபில்டரின் விலை. பணயம் வைப்பது எஞ்சினை.

கழுவி மறுபடி பயன்படுத்தக்கூடிய, ஆயில் தடவிய பருத்தி ஃபில்டர்கள் பற்றியும் கேட்பீர்கள் என்று நினைக்கிறேன். காற்றுத் தடை குறைவு, சத்தம் கொஞ்சம் கம்பீரமாக வரும், ரேஸ் வண்டிக்கு அர்த்தம் உண்டு. தினசரி ஓடும் வண்டிக்கு எனக்கு உடன்பாடு இல்லை. எளிதாகக் காற்றை விடும் ஊடகம் பொதுவாக நுண்தூசியையும் அதிகம் விடும். கழுவிக் காயவைத்து ஆயில் தடவும்போது அளவு கூடினால் அந்த ஆயில் மாஃப் சென்சாரின் கம்பியில் படியும், குறைந்தால் தூசி நிற்காது. அந்தச் சின்னக் கூடுதல் பிக்கப்பை ஸ்டாப்வாட்ச் இல்லாமல் உங்களால் உணரவும் முடியாது.

திறந்தபோது எதிர்பாராதது ஏதாவது கண்ணில் பட்டால் அதையும் படிக்கத் தெரிய வேண்டும். ஃபில்டர் ஆயிலில் நனைந்திருந்தால் எஞ்சினின் ஆவிக் குழாயில் அடைப்போ, பிஸ்டன் வளையத் தேய்மானமோ, ஆயில் அளவுக்கு மேல் ஊற்றியதோ காரணமாக இருக்கலாம்; புது ஃபில்டர் போட்டாலும் அதே கதிதான், முதலில் காரணத்தைப் பாருங்கள். பஞ்சு, தானியம், துணிக் கிழிசல் இருந்தால் எலி குடியிருக்கிறது. அப்போது ஃபில்டரோடு நிற்காமல் பக்கத்தில் உள்ள ஒயர்களையும் ஒரு பார்வை பாருங்கள், கடித்திருக்கும்.

ஃபில்டர் சொட்டச் சொட்ட நனைந்திருந்தால் மட்டும் வீட்டு வேலையை அங்கேயே நிறுத்துங்கள். தேங்கிய தண்ணீரில் வண்டியை ஓட்டிய பிறகு இப்படி இருந்தால், ஃபில்டரைத் தாண்டித் தண்ணீர் சிலிண்டருக்குள்ளும் போயிருக்க வாய்ப்பு உண்டு. தண்ணீரை அழுத்திச் சுருக்க முடியாது. பிஸ்டன் மேலே வரும்போது தண்ணீரில் முட்டினால் பிஸ்டனைத் தாங்கும் கனெக்டிங் ராடு வளையும். புது ஃபில்டர் போட்டு ஒரு முறை ஸ்டார்ட் செய்து பார்க்கலாமே என்று சாவியைத் திருப்பாதீர்கள். பேட்டரி ஒயரைக் கழற்றி வைத்துவிட்டு, வண்டியைக் கட்டி இழுத்துக்கொண்டு போய் மெக்கானிக்கிடம் விடுங்கள். ஸ்பார்க் பிளக்கையோ இன்ஜெக்டரையோ கழற்றி உள்ளே தண்ணீர் இருக்கிறதா என்று அவர் பார்த்த பிறகுதான் எஞ்சினைச் சுற்றவே விட வேண்டும்.